இரண்டு இலாகா, ஒரு பல்கலைக்கழகம்: ஒகினாவாவில் ‘ஓய்ஸ்ட்’ பிறந்த கதை

ஜப்பானில் 2001 ஏப்ரல் கடைசியில் ஜுனிச்சிரோ கொய்சுமி பிரதமரானார். அவருடைய அமைச்சரவையில் கோஜி ஓமி என்ற 68 வயது மூத்த உறுப்பினருக்கு ஒன்றோடொன்று ஒட்டாத பொறுப்புகள் வந்து சேர்ந்தன. ஒன்று, அறிவியல் தொழில்நுட்பக் கொள்கை. மற்றது, ஒகினாவா விவகாரமும் ரஷ்யாவுடன் தகராறில் இருக்கும் வடக்குத் தீவுகளும். அந்த ஆண்டு ஜனவரியில்தான் ஜப்பானிய அரசு தன் அமைச்சகங்களைக் கலைத்து அடுக்கி, ‘அமைச்சரவை அலுவலகம்’ என்று ஒன்றைப் புதிதாக உருவாக்கியிருந்தது. எந்த ஓர் அமைச்சகத்துக்குள்ளும் அடங்காத வேலைகள் அங்கே போய்ச் சேர்ந்தன. அறிவியல் கொள்கையும் ஒகினாவாவும் ஒரே அமைச்சரிடம் வந்தது அப்படித்தான்.

இரண்டே மாதத்தில், ஜூனில், ஒகினாவாவுக்குப் போன ஓமி ஒரு யோசனையை வெளியிட்டார். இந்தத் தீவில் உலகத் தரத்தில் ஓர் ஆராய்ச்சிப் பல்கலைக்கழகம் வேண்டும் என்றார். போகப் போக அதன் உருவம் தெளிவானது: இளநிலைப் படிப்பே கிடையாது, முனைவர் பட்டம் மட்டும், பயிற்றுமொழி ஆங்கிலம், ஆசிரியர்களிலும் மாணவர்களிலும் பாதிக்கு மேல் வெளிநாட்டவர். அன்றைய ஜப்பானில் இந்த மூன்றில் எது ஒன்றைச் சொன்னாலும் கல்வி அமைச்சகத்தில் புருவங்கள் உயர்ந்திருக்கும். மூன்றையும் சேர்த்து, அதுவும் டோக்கியோவிலிருந்து 1,500 கிலோமீட்டர் தள்ளி, நாட்டின் ஏழ்மையான மாநிலம் ஒன்றில் செய்யலாம் என்றார் ஓமி. இன்று உலகம் ஓய்ஸ்ட் என்று அழைக்கும் ஒகினாவா அறிவியல் தொழில்நுட்பக் கல்வி நிறுவனத்தின் முதல் விதை அதுதான்.

ஓமி விஞ்ஞானி அல்லர். ஹிதோத்சுபாஷி பல்கலைக்கழகத்தில் வணிகவியல் படித்து, ஜப்பானின் தொழில் வளர்ச்சியை வழிநடத்திய வர்த்தகத் தொழில்துறை அமைச்சகத்தில் அதிகாரியாக இருந்து, 1983இல் குன்மா மாநிலத்திலிருந்து நாடாளுமன்றத்துக்கு வந்தவர். ஆனால் ஜப்பானின் அறிவியல் கொள்கையில் அவர் கைபடாத இடம் குறைவு. 1995 நவம்பரில் நிறைவேறிய அறிவியல் தொழில்நுட்ப அடிப்படைச் சட்டத்தின் பின்னால் முன்னின்று உழைத்தவர் அவர். அதிகாரிகள் எழுதி அமைச்சர் கொண்டுவரும் சட்டங்களே வழக்கமாக இருந்த நாட்டில், அது உறுப்பினர்களே கொண்டுவந்த சட்டம். எல்லாக் கட்சிகளும் சேர்ந்து நிறைவேற்றியது.

அந்தச் சட்டத்துக்கு ஒரு பின்னணி உண்டு. ‘நாங்கள் அடிப்படை ஆராய்ச்சியில் காசைக் கொட்டுகிறோம், நீங்கள் அதன் பலனை எடுத்துப் பொருளாக்கி எங்களுக்கே விற்கிறீர்கள்’ என்பது 1980கள் முழுக்க ஜப்பான்மீது அமெரிக்காவும் ஐரோப்பாவும் சொன்ன குற்றச்சாட்டு. 90களின் தொடக்கத்தில் பொருளாதாரக் குமிழி உடைந்தபோது, அடுத்தவர் கண்டுபிடித்ததை மேம்படுத்தி முன்னேறும் பாதை முடிந்துவிட்டது என்பது ஜப்பானுக்கே புரிந்தது. நிறுவனங்களின் ஆய்வகங்கள் பளபளத்தன. பல்கலைக்கழக ஆய்வகங்களோ பழுதடைந்து கிடந்தன. அடிப்படைச் சட்டம் ஐந்தாண்டுத் திட்டங்களுக்கு வழிசெய்தது. 1996இல் தொடங்கிய முதல் திட்டத்துக்கு 17 லட்சம் கோடி யென் இலக்கு. 2001இல் தொடங்கிய இரண்டாம் திட்டத்துக்கு 24 லட்சம் கோடி யென். அந்த இரண்டாம் திட்டம் இன்னொன்றையும் எழுதிவைத்தது: அடுத்த 50 ஆண்டுகளில் 30 நோபல் பரிசுகள். பரிசுக்குக் கணக்கு வைத்து இலக்கு போடலாமா என்று விஞ்ஞானிகள் பலர் முகம் சுளித்தார்கள்.

பணம் வந்துவிட்டது. ஆனால் அது போய்ச் சேர்ந்த இடத்தின் அமைப்பு மாறவில்லை. ஜப்பானியத் தேசியப் பல்கலைக்கழகங்களில் ‘கோசா’ என்ற பழைய முறை வேரோடியிருந்தது. ஒரு பேராசிரியர், அவருக்குக் கீழே ஓர் இணைப் பேராசிரியர், அவருக்கும் கீழே உதவியாளர்கள். ஆய்வுத் தலைப்பு, கருவி, பணம் எல்லாமே மேலிருந்து கீழே வரும். முப்பது வயதில் துணிச்சலான யோசனை தோன்றினால், அதைச் செய்து பார்க்கும் அதிகாரம் கிடைக்கும்போது தலை நரைத்திருக்கும். வெளிநாட்டவருக்கு நிலைமை இன்னும் மோசம். தேசியப் பல்கலைக்கழகப் பேராசிரியர் வேலை அரசுப் பணி என்பதால், 1982இல் தனிச் சட்டம் வரும்வரை வெளிநாட்டவரை முழு உரிமையுள்ள பேராசிரியராக நியமிக்கவே வழியில்லை. சட்டம் வந்த பிறகும் ஆய்வகத்துக்குள் மொழி ஜப்பானியம், கூட்டங்கள் ஜப்பானியம், படிவங்கள் ஜப்பானியம்.

ஐம்பது நூறு ஆண்டுகளாக ஊறிப்போன இந்த அமைப்பை உள்ளிருந்து மாற்றுவது நடக்கிற காரியமாக ஓமிக்குத் தோன்றவில்லை. புதிதாக ஒன்றைக் கட்டுவது சுலபம். ஆனால் கல்வி அமைச்சகத்தின் பணத்தில் கட்டினால், தங்கள் பங்கு குறைகிறதே என்று எண்பதுக்கும் மேற்பட்ட தேசியப் பல்கலைக்கழகங்கள் வரிந்துகட்டிக்கொண்டு வரும். அவருடைய இன்னொரு இலாகா கைகொடுத்தது இந்த இடத்தில்தான்.

ஒகினாவாவுக்கு மத்திய அரசு ஒவ்வோர் ஆண்டும் தனியாக ஒரு மேம்பாட்டு நிதி ஒதுக்குகிறது. அதற்குக் காரணம் தீவின் வரலாறு. ரியூக்யூ என்ற தனி அரசாக இருந்த தீவுக்கூட்டத்தை 1879இல் ஜப்பான் தன்னோடு இணைத்துக்கொண்டது. 1945இல் ஏப்ரல் முதல் ஜூன் வரை அங்கே நடந்த சண்டையில், தீவு மக்களில் ஏறத்தாழ நாலில் ஒருவர் இறந்துபோனார். போர் முடிந்தும் 1972 மே 15 வரை ஒகினாவா அமெரிக்க ஆட்சியிலேயே இருந்தது. திரும்பி வந்த பிறகும் படைத்தளங்கள் போகவில்லை. ஜப்பானின் நிலப்பரப்பில் 0.6 சதவீதமே உள்ள இந்த மாநிலத்தில்தான், அந்த நாட்டில் அமெரிக்கப் படை தனக்கென வைத்திருக்கும் இடங்களில் ஏறத்தாழ 70 சதவீதம் இருக்கிறது. 1995இல் ஒரு பள்ளிச் சிறுமியை அமெரிக்கப் படையினர் மூவர் கடத்தி வல்லுறவு செய்தபோது தீவே தெருவுக்கு வந்தது. அந்தக் கோபத்துக்குப் பிறகு டோக்கியோ ஒகினாவாவிடம் எதையாவது கொடுத்துக்கொண்டே இருக்க வேண்டிய நிலை. 2000இல் ஜி-8 மாநாட்டை நாகோ நகரில் நடத்தியதும், அதையொட்டி ஒகினாவாவின் ஷுரெய் வாயிலைப் படமாகப் போட்டு 2,000 யென் நோட்டு அடித்ததும் அந்த வரிசையில் வந்தவை.

சாலையும் பாலமும் கட்டியது போதும், அறிவைக் கொண்டுவருவோம் என்ற வாதம் அந்தச் சூழலில் எடுபட்டது. சுற்றுலாவையும் படைத்தளத்தையும் அரசுப் பணத்தையும் நம்பி நிற்கும் தீவுக்கு நாலாவதாக ஒரு கால் கிடைக்கும். அறிவியல் கொள்கைக்கோ, பழைய விதிகள் ஒட்டாத ஒரு சோதனைக்களம் கிடைக்கும். ஒரே கல்லில் இரண்டு மாங்காய். விழுந்த மாங்காய்களில் யாருக்கு எது என்ற கேள்வி மட்டும் அன்று தீரவில்லை, இன்றும் தீரவில்லை.

யோசனையை நம்பவைக்க ஓமி வெளியே போனார். எம்.ஐ.டி.யின் இயற்பியலாளர் ஜெரோம் ஃப்ரீட்மன், நரம்பியலாளர் தோர்ஸ்டன் வீசல் போன்ற நோபல் பரிசாளர்கள் ஆலோசகர்களாக வந்தார்கள். அவர்களில் திட்டத்தின் முகமாக மாறியவர் சிட்னி பிரென்னர். ஒரு மில்லிமீட்டர் நீளமே உள்ள, மண்ணில் வாழும் ஓர் உருளைப்புழுவை எடுத்துக்கொண்டு, அதன் உடல் ஒற்றை உயிரணுவிலிருந்து எப்படி வளர்கிறது என்பதை அணு அணுவாகப் பின்தொடரலாம் என்று காட்டியவர் அவர். அந்தப் புழுவின் நரம்பணுக்கள் மொத்தமே 302. அதற்காக 2002இல் மருத்துவ நோபல் பரிசை மற்ற இருவரோடு பகிர்ந்துகொண்டார். கூர்மையான நாக்கு, குறும்பு, அதிகாரிகளிடம் பயமின்மை மூன்றும் அவரிடம் உண்டு. சிங்கப்பூர் தன் உயிரியல் ஆய்வு நிறுவனங்களைக் கட்டியெழுப்பியபோது 1980களிலிருந்தே கூட இருந்தவர் என்பதால், வெறுந்தரையில் ஆராய்ச்சியை வளர்க்கும் வித்தையும் அவருக்குத் தெரியும்.

கட்டடம் எழும்பக் காத்திருந்தால் உற்சாகம் வடிந்துவிடும் என்று, 2004இலேயே இன்றைய உருமா நகரில் தற்காலிக ஆய்வகங்களில் சில குழுக்கள் வேலையைத் தொடங்கின. 2005 செப்டம்பரில் சட்டப்படி ஒரு கழகம் அமைந்தது. 78 வயது பிரென்னர் அதன் தலைவர். பல்கலைக்கழகம் என்ற பெயர் வருவதற்கு முன்பே, மாணவர் ஒருவர்கூடச் சேர்வதற்கு முன்பே, ஆய்வாளர்கள் கட்டுரை எழுதிக்கொண்டிருந்தார்கள்.

சட்ட வடிவம் கொடுப்பதுதான் பெரிய முடிச்சு. தேசியப் பல்கலைக்கழகம் என்றால் அதன் விதிகள் எல்லாம் வந்து ஒட்டிக்கொள்ளும். தனியார் பல்கலைக்கழகம் என்றால் அரசு நடைமுறைச் செலவில் பாதிக்கு மேல் கொடுக்க முடியாது. 2009 ஜூலையில் நிறைவேறிய தனிச் சட்டம் இரண்டுக்கும் நடுவே புகுந்து புறப்பட்டது. ஓய்ஸ்ட் சட்டப்படி தனியார் கல்வி நிறுவனம். ஆனால் பாதி என்ற வரம்பைத் தாண்டி அரசு பணம் கொடுக்கலாம். நடைமுறையில் கிட்டத்தட்ட முழுச் செலவையும் அரசே ஏற்கிறது. பணம் கல்வி அமைச்சகத்திலிருந்து வருவதில்லை. அமைச்சரவை அலுவலகத்தின் ஒகினாவா மேம்பாட்டு நிதியிலிருந்து வருகிறது. சட்டம் வந்த சில வாரங்களில் ஓமியின் கட்சியான லிபரல் ஜனநாயகக் கட்சி தேர்தலில் மண்ணைக் கவ்வி, எதிர்க்கட்சி ஆட்சிக்கு வந்தது. முந்தைய ஆட்சியின் திட்டங்கள் பல அப்போது கத்தரிக்கப்பட்டன. ஓய்ஸ்ட் தப்பியது. 2011 நவம்பரில் அது முறைப்படி பல்கலைக்கழகமானது. அமெரிக்காவின் ஸ்லாக் துகள்முடுக்கி ஆய்வகத்தை நடத்திய ஜொனதன் டோர்ஃபன் முதல் தலைவராக வந்தார். பிரென்னரைப் போலவே அவரும் தென்னாப்பிரிக்காவில் பிறந்தவர்.

வளாகம் ஒன்னா கிராமத்தில், மேற்குக் கடலோரத்தில், உல்லாச விடுதிகள் வரிசையாக நிற்கும் சாலைக்கு மேலே குன்றுகளில் இருக்கிறது. மலையைச் சமமாக வெட்டித் தள்ளியிருந்தால் கட்டுமானம் சுலபம். ஆனால் ஒகினாவாவின் செம்மண் மழையில் கரைந்து கடலில் இறங்கினால் பவளப்பாறைகள் மூச்சுத்திணறிச் சாகும். தீவில் இது சின்னப் பிள்ளைக்கும் தெரிந்த விஷயம். அதனால் ஆய்வகங்களை முகடுகளின் மேல் வைத்து, இடைப்பட்ட பள்ளத்தாக்கையும் காட்டையும் அப்படியே விட்டார்கள். கட்டடங்களை மூடிய நடைபாலங்கள் இணைக்கின்றன. வண்டியை நிறுத்திவிட்டு வருபவர் முதலில் குன்றைக் குடைந்த நீண்ட சுரங்கப்பாதையில் நடந்து, பிறகு மின்தூக்கியில் ஏறித்தான் மையக் கட்டடத்துக்குள் வர முடியும்.

உள்ளே துறைகள் கிடையாது. இயற்பியல் துறை, வேதியியல் துறை என்று தனித்தனிக் கட்டடமும் தனித்தனித் தலைவரும் இல்லை. கடல் உயிரியல் குழுவுக்குப் பக்கத்து அறையில் குவாண்டம் இயற்பியல் குழு இருக்கலாம். விலை உயர்ந்த கருவிகள் பொதுச் சொத்து. புதிதாகச் சேரும் உதவிப் பேராசிரியருக்கும் தனி ஆய்வுக்குழு உண்டு; அவர் யாருக்கும் கீழே இல்லை. ஆண்டுக்கு ஆண்டு விண்ணப்பம் எழுதிக் கையேந்தத் தேவையில்லாமல் நிறுவனமே சில ஆண்டுகளுக்கு நிதி தருகிறது. பிறகு வெளியிலிருந்து வரும் நிபுணர்கள் வேலையை அலசுகிறார்கள். மாணவர் முதல் ஆண்டில் மூன்று வெவ்வேறு ஆய்வகங்களில் சில மாதங்கள் வேலை செய்ய வேண்டும். அதில் ஒன்றாவது தன் பாடத்துக்கு வெளியே இருக்க வேண்டும். முனைவர் பட்டத்துக்குக் கட்டணம் கட்டிப் படிப்பது வழக்கமாக இருந்த ஜப்பானில், இங்கே மாணவருக்கு உதவித்தொகை. கோசா முறையின் ஒவ்வொரு விதியையும் எடுத்துத் தலைகீழாக்கினால் என்ன வருமோ, அதுதான் இந்த அமைப்பு. 2012 செப்டம்பரில் முதல் அணியாக 18 நாடுகளிலிருந்து 34 மாணவர்கள் சேர்ந்தார்கள்.

இந்த நிறுவனம் எந்த மண்ணில் நிற்கிறது என்பதைக் காட்டிய வேலை, பல்கலைக்கழகம் என்ற பட்டயம் கிடைப்பதற்குச் சில மாதங்கள் முன்பே வந்துவிட்டது. 2011இல் நோரியுகி சாதோவின் குழு, விரல் விரலாகக் கிளைத்து வளரும் அக்ரோபோரா டிஜிடிஃபெரா என்ற பவளத்தின் மரபணுத்தொகுதியை முழுமையாகப் படித்து ‘நேச்சர்’ இதழில் வெளியிட்டது. பவளம் ஒன்றின் மரபணுத்தொகுதி முழுதாகப் படிக்கப்பட்டது அதுவே முதல் முறை. ஏறத்தாழ 42 கோடி எழுத்துகள், 23,000க்கும் மேற்பட்ட மரபணுக்கள். அதில் ஒரு சிறு ஓட்டை தென்பட்டது. சிஸ்டீன் என்ற அமினோ அமிலத்தை உருவாக்கத் தேவையான ஒரு நொதிக்கான மரபணு அந்தப் பவளத்திடம் இல்லை. அதாவது, தன் உடலுக்குள் குடியிருக்கும் நுண்பாசியிடமிருந்து அதை வாங்கித்தான் அது உயிர்வாழ்கிறதாக இருக்க வேண்டும். கடல் நீர் சூடாகும்போது பாசி வெளியேறிப் பவளம் வெளுப்பதை 1998இல் ஒகினாவா பெரிய அளவில் பார்த்தது. பாசி போனால் பவளம் ஏன் தாக்குப்பிடிப்பதில்லை என்பதற்கு இந்த ஓட்டை ஒரு காரணத்தைக் காட்டியது. 2016இல் மொசுகு என்ற கடற்பாசியின் மரபணுத்தொகுதியும் இங்கேயே படிக்கப்பட்டது. ஜப்பானியர் வினிகரில் ஊறவைத்துத் தின்னும் அந்த வழவழப்பான பாசியில் பத்தில் ஒன்பது பங்குக்கு மேல் ஒகினாவா மீனவர்கள் வளர்ப்பதுதான்.

உலகம் கவனிக்க அதிக காலம் ஆகவில்லை. 2019இல் ‘நேச்சர்’ குறியீடு, நிறுவனத்தின் அளவைக் கணக்கில் எடுத்து, தரமான ஆய்வுக் கட்டுரைகளின் விகிதத்தை வைத்துப் பட்டியல் போட்டபோது ஓய்ஸ்ட் உலகில் ஒன்பதாவதாக வந்தது, ஜப்பானில் முதலாவது. அழிந்துபோன மனித இனங்களின் மரபணுவைப் படித்ததற்காக 2022இல் நோபல் பரிசு பெற்ற ஸ்வாந்தே பாபோ, அதற்கு இரண்டு ஆண்டுகள் முன்பிருந்தே இங்கே பகுதிநேரப் பேராசிரியர். 30 நோபல் என்று கணக்குப் போட்டவர்கள் அவரை எந்தக் கணக்கில் எழுதுவார்களோ தெரியாது. பிரென்னர் 2019இல் சிங்கப்பூரில் காலமானார். ஓமி 2022இல் காலமானார். இருவரும் நட்டது காய்த்ததைப் பார்த்துவிட்டே போனார்கள்.

ஆனால் பிறந்த விதத்தின் தழும்பு இன்னும் மறையவில்லை. 2004இல் தேசியப் பல்கலைக்கழகங்கள் தனிக் கழகங்களாக மாற்றப்பட்டன. அதன் பிறகு பத்தாண்டுக்கும் மேலாக அவற்றின் நடைமுறை மானியம் ஆண்டுக்குச் சுமார் ஒரு சதவீதம் வீதம் தேய்ந்தது. அதே ஆண்டுகளில்தான் ஓய்ஸ்ட் வளர்ந்தது. ஆண்டுக்கு ஏறத்தாழ 2,000 கோடி யென்னை இத்தனை சிறிய நிறுவனம் வாங்கினால், எங்கள் ஆய்வாளருக்கும் தலைக்கு அவ்வளவு கொடுத்துப் பாருங்கள், நாங்களும் செய்து காட்டுகிறோம் என்று மற்ற பேராசிரியர்கள் கேட்கமாட்டார்களா? கேட்டார்கள். அது நியாயமான கேள்வி. ஓய்ஸ்ட்டின் வெற்றியில் அமைப்புக்கு எவ்வளவு பங்கு, தாராளமான பணத்துக்கு எவ்வளவு பங்கு என்று பிரித்துச் சொல்ல யாராலும் முடியவில்லை.

ஒகினாவாவின் கேள்வி வேறு. அந்தப் பணம் தீவின் மேம்பாட்டுக் கணக்கில்தான் எழுதப்படுகிறது. இளநிலைப் படிப்பு இல்லாத, ஆங்கிலத்தில் நடக்கும் முனைவர் பட்டப் பல்கலைக்கழகத்தில் உள்ளூர்ப் பள்ளியை முடித்த பிள்ளை நேரடியாகச் சேர வழியில்லை. கிராமத்துப் பிள்ளைகளுக்கு ஓய்ஸ்ட்டும் ஒன்னா கிராமமும் சேர்ந்து 2010 முதல் அறிவியல் முகாம் நடத்துகின்றன. பவளம், மொசுகு என்று தீவுக்குப் பயன்படும் ஆராய்ச்சி நடக்கிறது. கண்டுபிடிப்பைத் தொழிலாக்கும் முயற்சிகளும் நடக்கின்றன. இருந்தாலும், அடிப்படை ஆராய்ச்சி ஒரு மாநிலத்தின் வருமானத்தை உயர்த்த எத்தனை தலைமுறை ஆகும் என்று எந்த நிதி அதிகாரியாலும் சொல்ல முடியாது. பத்து ஆண்டுகளில் நிதி உதவியை மறுபரிசீலனை செய்ய வேண்டும் என்ற விதியைச் சட்டத்திலேயே வைத்திருந்தார்கள். அதன்படி மதிப்பீடு நடந்தபோதும் அறிவியல் சிறப்பு, ஒகினாவாவின் வளர்ச்சி என்ற இரண்டு தராசுகளிலும் நிறுவனத்தை நிறுத்தித்தான் பார்க்க வேண்டியிருந்தது. கேம்பிரிட்ஜையோ கியோட்டோவையோ யாரும் அப்படி எடை போடுவதில்லை.

இதற்கிடையில் டோக்கியோ சும்மா இருக்கவில்லை. 2007இல் உலகத்தர ஆய்வு மையங்களுக்கான திட்டம் ஒன்று வந்தது. ஏற்கெனவே உள்ள பல்கலைக்கழகங்களுக்குள்ளேயே ஆங்கிலத்தில் இயங்கும், வெளிநாட்டவர் கணிசமாக உள்ள மையங்களை அது உருவாக்கியது. அடிப்படைச் சட்டம் 2020இல் திருத்தப்பட்டு, அதன் பெயரில் ‘புத்தாக்கம்’ என்ற சொல்லும் ஏறியது. 10 லட்சம் கோடி யென் நிதி ஒன்றை அமைத்து, அதன் வருவாயைத் தேர்ந்தெடுத்த சில பல்கலைக்கழகங்களுக்குக் கொடுக்கும் திட்டத்தில் தொஹோகு பல்கலைக்கழகம் 2024இல் முதலாவதாக இடம்பிடித்தது. சிறிய ஆய்வுக்குழுக்கள், இளம் ஆய்வாளருக்குத் தனி அதிகாரம், வெளிநாட்டவருக்குக் கூடுதல் இடம் என்று அது கொடுத்த வாக்குறுதிகளைப் படித்தால், ஒன்னா குன்றில் ஏற்கெனவே நடப்பவை போலவே இருக்கின்றன.

கொள்கை வகுப்பவர்கள் இந்தக் கதையிலிருந்து எடுத்துக்கொள்ள வேண்டியது எதுவென்றால், ஓய்ஸ்ட்டை உருவாக்கியது எந்த ஐந்தாண்டுத் திட்டமும் அல்ல. இரண்டு இலாகாக்கள் ஓர் ஆளிடம் சேர்ந்த தற்செயலும், அதைப் பயன்படுத்திக்கொள்ளத் தெரிந்த ஆளும், வெளிநாட்டு விஞ்ஞானிகளைக் கூப்பிட்டு அவர்கள் சொல்வதைக் கேட்ட பணிவும் சேர்ந்து செய்த வேலை அது. தற்செயலைச் சட்டம் போட்டு வரவழைக்க முடியாது. ஆனால் இளையவரை நம்பிப் பணத்தைக் கொடுத்துவிட்டுச் சில ஆண்டுகள் ஒதுங்கி நிற்பதற்கு எந்தத் தற்செயலும் வேண்டாம். அதைத் தன் பழைய பல்கலைக்கழகங்களில் செய்வதற்கு ஜப்பான் இருபது ஆண்டுகள் தயங்கியது. தொஹோகுவில் இப்போது தொடங்கியிருப்பது கையெழுத்திட்ட காகிதத்தோடு நிற்குமா, முப்பது வயது ஆய்வாளரின் கையில் சாவியைக் கொடுக்குமா என்பதை வைத்துத்தான் ஓமியின் பரிசோதனை நாட்டை மாற்றியதா, ஒரு தீவோடு நின்றதா என்று சொல்ல முடியும்.